தானம் வந்த மாட்டின் பல்

தானம் கொடுத்த மாட்டைப் பல்லைப் பிடித்துப் பார்க்காதே என்பது பழமொழி. பார்க்காமல் விட்டு நான் பட்ட பாட்டை இங்கே சொல்கிறேன்.

பெரிய நிறுவனங்களின் சர்வர்களில் இயங்கும் ரெட் ஹேட் எண்டர்பிரைஸ் லினக்ஸைக் கற்க வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை. அதற்குச் சந்தா கட்ட வேண்டும் என்றார்கள். பணத்துக்கு நான் எங்கே போவேன்! அப்போதுதான் நண்பன் ஒருவன், எங்கிருந்தோ இறக்கிய ஐஎஸ்ஓ கோப்பைப் பென்டிரைவில் எழுதிக் கொடுத்தான். நிறுவிப் பார்த்தேன், பாதியில் நின்றுவிட்டது. என் கணினி பழசு, அதனால்தான் என்று எண்ணி, அதே கோப்பை வகுப்புத் தோழர்கள் மூவருக்கும் வாரி வழங்கினேன்.

எங்கள் விரிவுரையாளரிடம் சொன்னபோது அவர் கேட்டது ஒரே கேள்வி: "சரிபார்த்தாயா தம்பி?"

ரெட் ஹேட்டின் பதிவிறக்கப் பக்கத்தில் ஒவ்வொரு கோப்புக்கும் ஷா-256 என்னும் சரிபார்ப்புக் குறி தரப்பட்டுள்ளது. எண்ணும் எழுத்துமாய் 64 இடங்கள். கோப்பில் ஒரு பிட் மாறினாலும் குறி முற்றிலும் வேறாகிவிடும். என் கோப்புக்குக் கணக்கிட்டோம். முதல் எழுத்தே ஒத்துவரவில்லை. இறக்கும்போது பழுதாயிற்றோ, எவரேனும் கை வைத்தனரோ, யாரறிவார்?

அடுத்து அவர் சொன்ன செய்திதான் என்னைத் தலைகுனிய வைத்தது. தனிநபர்களுக்கான டெவலப்பர் சந்தாவுக்குக் காசே கிடையாது! மென்பொருள் உருவாக்குவோருக்கு 2016இல் இலவசமாக்கினார்கள். 2021 முதல் ஒருவர் 16 கணினிகள் வரை பயன்படுத்தலாம். பதிவு செய்து, விதிகளை ஏற்றுக்கொண்டால் போதும். திருத்தங்கள் நமக்கும் வரும். சிக்கல் வந்தால் கைகொடுக்கும் பொறியாளர்தான் இல்லை.

பூட் கோப்பு சிறியது. மற்றவற்றை நிறுவும்போது இணையத்திலிருந்து எடுத்துக்கொள்ளும். டிவிடி கோப்பு மிகப் பெரியது. எல்லாம் அதிலேயே உண்டு. ஆய்வகத்தில் அனுமதி பெற்று டிவிடி கோப்பை இறக்கினேன். 64 இடங்களும் பொருந்தின. அன்று மாலையே லினக்ஸ் என் கணினியில் ஓடியது.

பிறகு தோழர்களிடம் உண்மையைச் சொன்னேன். இருவர் சிரித்தார்கள். மூன்றாமவன் சிரிக்கவில்லை. நான் கொடுத்ததை நிறுவத் தொடங்கியதில் அவன் கணினியிலிருந்த செய்முறைக் குறிப்புகள் அத்தனையும் அழிந்திருந்தன. இரண்டு இரவுகள் அவனருகில் அமர்ந்து அவற்றை மீண்டும் தட்டச்சு செய்து கொடுத்தேன்.

நண்பர்களே! நமக்குக் கிடைக்காது என்று நாமே முடிவு கட்டிக்கொண்டு கொல்லைப்புறம் போகுமுன், தலைவாசலை ஒருமுறை தட்டிப் பார்ப்போம். தானம் வாங்கும் மாட்டை விட்டாலும், தானம் கொடுக்கும் மாட்டையாவது பல்லைப் பிடித்துப் பார்ப்போம்.