சுபா கண்ணுக்கு அத்தை எழுதறது

பவானி

சுபா கண்ணு,

நீ ஜமக்காளத்துல தைச்சு அனுப்பின பை பார்சல்ல வந்துருச்சு. பிரிச்சதும் உங்க மாமா வாங்கித் தடவித் தடவிப் பாத்தாரு. தறியை விட்டு இறங்கின மனுசன், ஜமக்காளத்தைக் கண்டா கை சும்மா இருக்காது. சிவப்பும் பச்சையும் ரெண்டு பக்கத் தையல்லயும் கோட்டோட கோடு சேந்து நிக்குது. அந்தக் கெட்டித் துணியில பிசகாமத் தைக்கறது லேசில்ல. உன் கைநேர்த்தி அது.

ஆனா தக்காளியும் தேங்காயும் போட்டுச் சந்தையிலிருந்து வர்றதுக்குள்ள ஒரு கைப்பிடி விட்டுப்போச்சு. ஏங் கண்ணு, மேல் ஓரத்துல மட்டுமா வச்சுத் தைப்பாங்க? கைப்பிடிப் பட்டியை அடிவரைக்கும் இறக்கி, அடியைச் சுத்தி மறுபக்கம் ஏத்திக் கொண்டா. பாரத்தைப் பட்டி தாங்கிக்கும். மேல சதுரமா ஓட்டி நடுவுல பெருக்கல் குறி போடு, அதுவே ஓர் அழகு. வெட்டின ஓரமெல்லாம் நூல் பிரியும், பருத்தி நாடா வச்சுக் கட்டு. 18-ம் நம்பர் ஊசி வாங்கிக்க, சின்ன ஊசி நாலு மடிப்புல ஒடிஞ்சுரும்.

உள்ளுக்குள்ள கறுப்புத் துணி எதுக்கு? காந்திபுரத்துல பஸ் கூட்டத்துல நின்னு அதுக்குள்ள சாவியைத் தேடிப் பாரு, தெரியும். வெளிர் நிறமாப் போடு. டிபன் பாக்ஸ் சாயாம உக்கார அடியில அகலம் வேணும்.

தாம்பூலம் குடுக்கற மஞ்சப்பையை நெனச்சுப் பாரு. மடிச்சா உள்ளங்கையில அடங்கும், நெறைச்சா தேங்காய் தாங்கும். 2019-ல பிளாஸ்டிக் பைக்குத் தடை வந்தப்பறம், 2021 டிசம்பர்ல அரசாங்கமே ‘மீண்டும் மஞ்சப்பை’ன்னு அதைத்தான் தேடி வந்துச்சு. கோயம்பேட்டுல 10 ரூபாய் போட்டாப் பை தர்ற மெஷினே வச்சாங்க. ஆனா ஆபீசுக்கு அதை எடுத்துட்டுப் போகப் புள்ளைங்க கூச்சப்படுதுங்க. அந்த எடத்துக்குத்தான் உன் பை வரோணும்.

இன்னொண்ணும் மனசை அரிக்குது. ஜமக்காளம் ஒருக்கா வாங்கினா ஒரு தலைமுறைக்குக் கெடக்கும், யாரு ரெண்டாவது வாங்கறாங்க? அகலத் தறியில ரெண்டு பேர் சேந்து உக்காந்து நெய்யறவங்களுக்கு அடுத்த ஆர்டர் எங்கிருந்து வரும்? பைன்னா தினம் புழங்கித் தேயும், இன்னொண்ணு கேப்பாங்க. பீரோவுல தொங்கற பையால தறி ஓடாது.

விலை கம்மின்னு யாராச்சும் விசைத்தறித் துணியைக் காட்டினா வாங்கிராத. 1985 சட்டத்துல ஜமக்காளம் கைத்தறிக்குன்னே ஒதுக்கினது. 2005-06-ல நம்ம பவானிப் பேருக்குப் புவிசார் குறியீடும் குடுத்திருக்காங்க. அந்தப் பேரைப் போட்டு வேற துணியில தைச்சு விக்கறது தப்பு.

வெட்டறதுக்கு முன்னாடி ஒரு துண்டைத் தண்ணியில ஊறப்போட்டுச் சாயம் போகுதான்னு பாத்துக்க. கைப்பிடியை மாத்தித் தைச்சு அனுப்பு, நானே தூக்கிப் பாத்துச் சொல்றேன். ராத்திரியெல்லாம் கண்ணு முழிச்சு உக்காந்துராத சாமி, நேரத்துக்குச் சாப்பிடு.

உன் அத்தை