திரையில் நிற்கும் முகங்கள்

பாலக்காட்டின் கிழக்கு ஓரத்தில், தமிழக எல்லைக்கு மிக அண்மையில், பிளாச்சிமடை என்னும் சிற்றூர் இருக்கிறது. தென்னந்தோப்புகளும் வயல்களும் சூழ்ந்த ஊர். பொள்ளாச்சியிலிருந்து புறப்பட்டு அங்கே சென்றோம். இரவாளர், மலசர் என்னும் பழங்குடியினர் வாழும் இடம்; அவர்கள் பேச்சில் தமிழ் மணக்கிறது.

2000-ஆம் ஆண்டில் இங்கே கோக்கோ கோலா ஆலை இயங்கத் தொடங்கியது. கிணற்று நீர் குறைந்தது, கெட்டது என்று முறையிட்ட மக்கள், 2002 ஏப்ரலில் ஆலை வாயிலின் எதிரே பந்தலிட்டு அமர்ந்தனர். முன்னின்றவர் மயிலம்மா என்னும் இரவாளர் குலப் பெண்மணி. 2004 மார்ச்சில் ஆலை நின்றது. 2007-இல் அவர் காலமானார். ஆயினும் அன்று எடுத்த படங்களில் அவர் இன்றும் பேசுகிறார். அவருக்குப் பின்னே பந்தலில் அமர்ந்திருந்தவர்களின் பெயர்களை எந்தப் படம் சொல்லும்?

இக்கேள்வியோடு உடுமலை, சின்னாறு, மறையூர் வழியாக மூணாறு ஏறினோம். சந்தனக் காடுகளைக் கடந்ததும் தேயிலைச் சரிவுகள் தொடங்குகின்றன. தமிழகத்திலிருந்து சென்றவர்களின் வழிவந்த பெண்கள், 2015 செப்டம்பரில் இந்நகரின் சாலையில் ஆயிரக்கணக்கில் அமர்ந்து, 20 விழுக்காடு போனஸ் கேட்டு வென்றனர். 'பெம்பிளை ஒருமை' என்று உலகம் அறிந்தது. அருகிலுள்ள பெட்டிமுடியில் 2020 ஆகஸ்ட் 6 இரவு மலை சரிந்து 70 உயிர்களைக் கொண்டுபோயிற்று. மாண்டவருள் பெரும்பாலோர் தமிழ்த் தொழிலாளர் குடும்பத்தினரே.

உரிமை கேட்டு எழுப்பிய முழக்கத்தையும், உறவை இழந்து எழுப்பிய ஓலத்தையும் படக்கருவி ஒன்றுபோலவே பதிந்துகொள்கிறது. பின்னர் வேறொரு படத்துக்குக் கூட்டமோ துயரமோ தேவைப்படின், பழைய சுருளிலிருந்து வெட்டி ஒட்டுவது திரைத்தொழிலின் வழக்கம். 1957-ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டப்படி திரைப்படத்தின் உரிமை தயாரிப்பாளருடையது. வெளியான பின் 60 ஆண்டுகள் நிலைக்கும். படத்தில் அழுதவருக்கு அவ்வுரிமையில் பங்கில்லை.

பழைய படங்களைத் தொடவே கூடாது என்பது எங்கள் கருத்தன்று. கோட்டையூர் ஏ. கே. செட்டியார் பல நாடுகளில் அலைந்து 50,000 அடிப் படச்சுருள் திரட்டியிராவிடில், 1940-இல் வெளிவந்த மகாத்மா காந்தி படம் நமக்குக் கிட்டியிராது. ஆனால் அத்தகைய படங்களில் நாம் அறிவது காந்தியடிகளை மட்டுமே; அவரைச் சூழ்ந்து நடந்தவர்களை அறியோம்.

அழுத முகத்தை மறுபடி காட்டுமுன் உரியவரைக் கேட்பது நாகரிகம். பெயர் தெரிந்தால் குறிப்பது நன்றி. பிறந்த மண்ணை விட்டு வந்த நமக்கும் இதிலே ஒரு கடமை உண்டு. நம் வீடுகளில் உள்ள படங்களில் நிற்பவர் யார் யார் என்று சொல்லக்கூடிய முதியோர் இன்னும் நம்மிடையே இருக்கின்றனர். அவர்களைக் கேட்டு, பெயரையும் ஊரையும் ஆண்டையும் இப்பொழுதே எழுதி வைப்போமாக.