பெயரும் அளவும்

பெயர் ஒன்றாயின் பொருளும் ஒன்றே எனக் கொள்வது மாந்தர் இயல்பு. அவ்வியல்பு சிலவிடத்து உயிருக்கே உலை வைத்துவிடும். ஜெர்மானியரின் 8 மில்லிமீட்டர்த் துப்பாக்கி இதற்குத் தக்க சான்றாகும்.

1888ஆம் ஆண்டு அந்நாட்டுப் படை ஏற்ற தோட்டாவின் குண்டு ஏறத்தாழ 8.1 மில்லிமீட்டர்த் தடிமனும் 14.7 கிராம் எடையும் உடையது. 1905இல் வந்த கூர்முனைக் குண்டோ எடையில் 10 கிராமாகக் குறைந்தது, தடிமனில் 8.2 ஆக மிகுந்தது. பித்தளைக் கூட்டின் நீளம் இரண்டிற்கும் 57 மில்லிமீட்டரே. பழைய ஒடுங்கிய குழலில் புதிய குண்டு புகுந்தால் அழுத்தம் எல்லை மீறும். சுடுபவனின் முகத்தருகே துப்பாக்கி வெடிக்கவும் கூடும். ஆதலின், புதிய குண்டுக்கெனத் திருத்தப்பெற்றவற்றின்மீது ‘எஸ்’ என்னும் எழுத்தைப் பொறித்தனர்.

பாட்டனாரின் துப்பாக்கியைப் போற்றி, சுட்டொழிந்த கூடுகளில் தாமே மருந்திட்டு நிரப்புவோர் இன்றும் உளர். கூட்டை மீண்டும் உருவாக்கும் அச்சின் பெட்டிமேல் ‘8’ என்றிருப்பது அவர்க்குப் போதாது. கூட்டின் கழுத்தை விரிக்கும் உருளை குண்டுக்கு இயைதல் வேண்டும். குண்டு குழலுக்கு இயைதல் வேண்டும். எடை மிகுந்த குண்டு நீண்டு, கூட்டினுள் ஆழ்ந்து, மருந்தின் இடத்தைக் குறைக்கும். ஆகவே இலேசான குண்டுக்குரிய மருந்தளவை அதற்கு இடலாகாது.

இரு குண்டுகளின் தடிமனுக்கிடையே உள்ள வேறுபாடு ஒரு தாளின் கனமே. கண் அதனைக் காணாது, மைக்ரோமீட்டர் காணும். அறிவோம் என்னும் எண்ணமன்று, அளந்தோம் என்னும் உறுதியே காவலாகும்.