உப்பும் ஐஸும்

பலெர்மோவில் வியா மக்வேதாவை ஒட்டிய ஒரு சந்தில்தான் கிரனீத்தா செய்யப் பழகினேன். தேசிக்காய்ச் சாறு, சீனி, தண்ணீர் மூன்றையும் கலந்து, உறைய உறையச் சுரண்டி எடுக்கும் சிசிலி ஐஸ் அது. யாழ்ப்பாணத்தில் ஐஸ்பழம் சாப்பிட்டு வளர்ந்த எனக்கு இதில் என்ன கஷ்டம் என்றுதான் தோன்றியது.

தொழில் கற்றுத்தந்த மாஸ்த்ரோ என்னை மெஷினைத் தொட விடவில்லை. மரத்தொட்டியில் ஐஸும் உப்பும் கொட்டி, நடுவே தகர வாளியை வைத்துத் திருப்பச் சொன்னார். உப்புச் சேர்ந்த ஐஸ் பூச்சியத்துக்கும் கீழே குளிரும், விரல்கள் விறைத்துவிடும். வாளியின் ஓரத்தில் உறைவதை உடனுக்குடன் வழித்து நடுவுக்குத் தள்ள வேண்டும். சுணங்கினால் கட்டி. சீனி குறைந்தால் பாறை, கூடினால் உறையாத பாகு. என் கைக்கு வாய்த்தது பெரும்பாலும் பாறைதான். மாஸ்த்ரோ ஏசமாட்டார். ஒரு கரண்டி வாயில் போட்டுவிட்டு, "கரகரக்குது, கழுவி வை" என்பார். ஏசியிருந்தாலே தேவலை. கடைசியில் ஒருநாள் அகப்பை ஈர மணலில் இறங்குவதுபோல் இறங்கியது. அவர் பேசாமல் இரண்டாவது கரண்டி எடுத்தார்.

அந்தப் பெருமையும் நிலைக்கவில்லை. 2023 ஜூலையில் நகரில் வெயில் 47 பாகையைத் தொட்டது. சுற்றியுள்ள மலைகளில் தீ. யன்னல் வழியே சாம்பல் வந்து விழ, வாளிகளைத் துணியால் மூடினோம். தொட்டி ஐஸ் பாதி வேலையிலேயே கரைந்தது. கலவை மெதுவாக உறைந்ததால் பரல் பெருத்து, பழையபடி கரகரத்தது. 2024 வறட்சியில் எங்களுக்கு வந்த தேசிக்காயில் சாறே இல்லை. அந்த அக்டோபரில் நகரின் பல பகுதிகளுக்குத் தண்ணீர் முறைவைத்துத்தான் வந்தது. மதோனியே மலைப் பனியைக் குழிகளில் சேமித்து நகருக்கு இறக்கிய காலத்துக் கதைகளை மாஸ்த்ரோ சொல்வார். அவர் தகப்பன் எழுதிவைத்த கலவை அளவே இப்போது பொய்த்துப்போனது.

பழைய கணக்குப் பொய்ப்பது எங்களுக்கு மட்டுமல்ல. ஆர்க்டிக்கின் இனுயிட் வேட்டைக்காரர்கள் கடல் உறைபனியை ஈட்டியால் குத்திப் பார்த்துத்தான் காலடி வைப்பார்கள். மூத்தவர்களிடம் கற்ற கணக்கு அது. இன்று பனி பிந்தி உறைந்து முந்தி உடைவதால், அனுபவசாலிகளே பனி உடைந்து விழுகிறார்கள். 2005இல் ஷீலா வாட்-குளூட்டியே என்ற இனுயிட் தலைவி, வெப்பமயமாதல் தங்கள் மனித உரிமையைப் பறிக்கிறது என்று அமெரிக்காவுக்கு எதிராக மனுக் கொடுத்தார். அது விசாரணைக்கு எடுக்கப்படவில்லை. எங்களுக்குக் கெடுவது ஒரு வாளி ஐஸ், அவர்களுக்கு உயிர்.

எங்கள் பட்டறைச் சுவரிலிருந்த அந்த அளவுத் தாளை மாஸ்த்ரோ கழற்றிவிட்டார். ஒவ்வொரு பெட்டித் தேசிக்காயையும் பிழிந்து ருசி பார்த்த பிறகே சீனி அளக்கிறோம்.