எண்களின் நண்பர்

கணிதம் அறிவாளிகளின் தனிச்சொத்து என்பது நம் சமுதாயத்தில் நெடுங்காலமாக வேரோடிவிட்ட ஒரு பொய். இதனால் நட்டமடைவோர் ஏழைகளின் பிள்ளைகள். இலாபமடைவோர் கணிதத்தைப் பொட்டலம் கட்டி விற்போர். இப்பொய்யை வாழ்நாள் முழுவதும் எதிர்த்து நின்ற தமிழர் ஒருவரை நம் ஆசிரியர்களிற் பலர் இன்னும் அறியார்.

பி. கே. சீனிவாசன் 1924ஆம் ஆண்டு பிறந்தவர். சென்னை முத்தியால்பேட்டை உயர்நிலைப் பள்ளியில் கணித ஆசிரியராக விளங்கினார். அப்பள்ளியில் 'எண் நண்பர் கழகம்' என்றோர் அமைப்பு அவருடைய பணியோடு இணைந்து நின்றது. அப்பெயரே ஒரு கொள்கையன்றோ? எண் பகையன்று, பரீட்சை மண்டபத்துப் பூதமுமன்று. விளையாட அழைக்கும் தோழன். காகிதத்தை மடித்தும், கட்டங்களை வரைந்தும், பிள்ளைகளே கண்காட்சி நடத்தியும் கணிதத்தைத் தாமே கண்டடைய வேண்டும் என்பது அவர் காட்டிய வழி.

இராமானுசன் மறைந்து பல்லாண்டுகள் கழிந்த பின்னர், அக்கணித மேதையை அறிந்தவர்களைத் தேடிச் சென்று, கடிதங்களையும் நினைவுகளையும் திரட்டி, 1968இல் இரு தொகுதிகளாக வெளிவரச் செய்தவரும் இவரே. பல்கலைக்கழகங்கள் செய்திருக்க வேண்டிய வேலையை ஒரு பள்ளி ஆசிரியர் செய்து முடித்தார். அமெரிக்காவிலும் நைஜீரியாவிலும் கற்பித்த பின்னரும் அவருடைய நாட்டம் சிறுவர்களை விட்டு அகலவில்லை. 1993இல் சென்னை இராயபுரத்தில் இராமானுசன் அருங்காட்சியகமும் கணிதக் கல்வி மையமும் தோன்றின. 2005இல் மறையும்வரை அவருடைய உழைப்பு அங்கே தொடர்ந்தது.

தமிழைக் கற்றுப் பட்டம் பெற்றவனுக்குக் கணிதத்தில் என்ன அக்கறை என்று நண்பர்கள் வினவக்கூடும். எண்ணையும் எழுத்தையும் இரு கண்களாகப் போற்றிய மரபு நம்முடையது என்பது ஒரு விடை. மற்றொன்று வாழ்க்கை தந்த விடை. புத்தளத்துக் கடற்கரையோரம் நான் கற்பிக்கும் பாடசாலையில், கணித ஆசிரியர் இல்லாத தவணைகளில் அவ்வகுப்பும் என் பொறுப்பாகிவிடும். மீனவர், உப்பளத் தொழிலாளர், தோட்டக் கூலிகள் ஆகியோரின் பிள்ளைகளே அங்கு பெரும்பான்மையினர்.

ஒருநாள் சீனிவாசன் காட்டிய வழியைப் பின்பற்றிச் சிப்பிகளைக் கொண்டுவரச் சொன்னேன். முதலில் ஒரு சிப்பி. அதன் இரு பக்கங்களிலும் மூலையிலுமாக மூன்று சேர்த்தால் நான்கு கொண்ட சதுரம். இன்னும் ஐந்து சேர்த்தால் ஒன்பது. ஏழு சேர்த்தால் பதினாறு. ஒற்றை எண்களை வரிசையாகக் கூட்டிச் சென்றால் எப்போதும் சதுர எண்ணே வருகிறது. தவணைதோறும் கணிதத்தில் தவறிவந்த ஒரு மாணவி தலைநிமிர்ந்து, "சேர், இது எது மட்டும் போகும்?" என்று கேட்டாள். வகுப்பு அமைதியாயிற்று. சிறிது நேரம் சிப்பிகளை உற்றுநோக்கிய அவளே விடையையும் சொன்னாள்: "பக்கத்துக்கு எத்தனை இருக்குதோ அது ரெண்டு தரம், மூலைக்கு ஒண்டு. சிப்பி இருக்கு மட்டும் போகும்."

கணிதம் பிறக்கும் இடம் அதுவே. எடுத்துக்காட்டிலிருந்து காரணத்துக்கு ஏறும் அந்தப் படியை அவள் எவர் துணையுமின்றி ஏறினாள்.

ஆயினும் அவள் சாதாரண தரப் பரீட்சையில் கணிதத்தில் தேறவில்லை. பணம் கொடுத்துத் தனியார் வகுப்புக்குச் செல்ல வசதியில்லை. பாடசாலையிலோ நிலையான ஆசிரியர் இல்லை. இன்று கற்பிட்டிப் பக்கத்து வெங்காயத் தோட்டங்களில் கூலிக்கு நிற்கிறாள். இராமானுசன் வேறு பாடங்களில் தவறியதால் கும்பகோணம் கல்லூரியில் உதவித்தொகையை இழந்தார். இவளோ கணிதத்தின் பெயராலேயே கணிதத்திலிருந்து வெளியேற்றப்பட்டாள்.

இது இயற்கை விதித்த விதியன்று. மனிதர் அமைத்த ஏற்பாடு. ஆகவே மனிதரால் மாற்றக்கூடியது. ஒவ்வொரு கடற்கரைப் பாடசாலைக்கும் ஓராண்டில் இடம்மாறிச் செல்லாத கணித ஆசிரியர் வேண்டும். வாரத்தில் ஒரு மணி நேரமாவது புள்ளிகளுக்கு அஞ்சாமல் எண்களோடு உறவாடும் கழகம் வேண்டும். அதற்கு மாளிகை வேண்டியதில்லை. சிப்பிக்கும் மணலுக்கும் இங்கே என்றும் பஞ்சமில்லை. கேள்வி கேட்கும் பிள்ளைகளுக்கும் பஞ்சமில்லை.