தந்தையின் பெயர் இருக்க வேண்டிய இடம்



பள்ளி விடுமுறையில் பிள்ளைகளைக் கப்பலில் அழைத்துச் செல்ல வேண்டும் என்பது எங்கள் இல்லத்தில் மூன்று ஆண்டுகளாகப் பேசப்பட்டு வந்த ஆசை. நாகூரைச் சேர்ந்த எங்களுக்குக் கப்பல் என்பது புதிய சொல் அன்று. எங்கள் பாட்டனார் நாகப்பட்டினத்தில் 'ரஜுலா' கப்பலேறிப் பினாங்குக்குச் சென்று, அங்கே ஒரு கடையில் கணக்கெழுதிப் பிழைத்தவர். அவர் சென்ற கடல்வழியைப் பேரப்பிள்ளைகளுக்குக் காட்ட வேண்டும் என்று எண்ணினோம். சிங்கப்பூரில் ஏறிப் பினாங்கைத் தொட்டுச் சிங்கப்பூருக்கே திரும்பும் மூன்று இரவுச் சொகுசுக் கப்பல் பயணம் எங்கள் கைக்கு எட்டிய தொகையில் அமைந்தது. அல்ஹம்துலில்லாஹ்.

பயணிகள் ஐவர். நாங்கள் இருவர், பதின்மூன்று வயது மகள், ஆறு வயது மகன், இவர்களோடு ஒன்பது வயதான எங்கள் தம்பி மகன். தம்பி வஃபாத்தாகி நான்கு ஆண்டுகள் ஆகின்றன. தம்பியின் மனைவியும் பிள்ளையும் எங்கள் வீட்டிலேயேதான் இருக்கிறார்கள். அவருடைய உம்மா இடுப்பு எலும்பு முறிந்து படுக்கையில் இருந்ததால் அவரால் எங்களோடு வர இயலவில்லை. "புள்ளைய நீங்க கூட்டிட்டுப் போங்க லாத்தா, அவன் கடலைப் பார்க்கட்டும்" என்று அவரே சொன்னார்.

பணம் சேர்ந்ததும் பயணம் முடிவாகிவிட்டது என்றுதான் நினைத்தோம். பிள்ளைகளின் ஆவணங்களை அலமாரியிலிருந்து எடுத்து மேசையில் பரப்பிய அன்றுதான், பயணத்தின் பாதி வேலை அந்தத் தாள்களில் இருப்பதை உணர்ந்தோம்.

முதல் அதிர்ச்சியை எங்கள் மகனின் கடவுச்சீட்டே தந்தது. ஒரு வயதில் உம்ராவுக்காக எடுத்தது அது. பெரியவர்களின் கடவுச்சீட்டு பத்தாண்டுகள் செல்லும். சிறுவர்களுக்கு ஐந்தாண்டுகள் அல்லது பதினெட்டு வயது நிறையும் நாள், இவற்றில் எது முந்துகிறதோ அதுவரைதான். பதினைந்து வயதைக் கடந்த பிள்ளைகள் மட்டும் விரும்பினால் பத்தாண்டுச் சீட்டைக் கோரலாம். எங்கள் மகனின் சீட்டு காலாவதியாக இன்னும் நான்கு மாதங்களே இருந்தன. பயண நாளில் குறைந்தது ஆறு மாதங்கள் செல்லுபடியாக வேண்டும் என்பது கப்பல் நிறுவனத்தாரும் சிங்கப்பூர் குடிநுழைவுத் துறையினரும் கேட்கும் நிபந்தனை. போதாக்குறைக்கு, அதிலிருந்த படத்தில் பல் முளைக்காத ஒரு கைக்குழந்தை எங்களைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தது. புதுப்பிக்க விண்ணப்பித்தோம். பெற்றோர் இருவரும் கையொப்பமிட்ட 'இணைப்பு டி' என்னும் உறுதிமொழியோடு அது எளிதாகவே முடிந்தது.

எளிதாக முடியாதது தம்பி மகனின் காரியம். அவனுக்குக் கடவுச்சீட்டே இல்லை. பிறப்புச் சான்றிதழில் அவனுடைய வாப்பாவின் பெயரில் உள்ள 'முஹம்மது' ஆங்கிலத்தில் 'யு' என்னும் எழுத்தோடு இருந்தது. தம்பியின் பழைய கடவுச்சீட்டில் அதே பெயர் 'ஓ' எழுத்தோடு இருந்தது. இறப்புச் சான்றிதழிலோ 'எம்.டி.' என்று இரண்டே எழுத்துகளாகச் சுருங்கியிருந்தது. ஒரே மனிதர், மூன்று தாள்களில் மூவராக நின்றார். இதில் எந்த அலுவலரையும் நாங்கள் குறை சொல்ல முடியாது. மகப்பேறு மருத்துவமனையில் கொடுத்த படிவத்தை அவசரத்தில் நிரப்பியதும் நாங்களே. மையித்து வீட்டின் துயரத்தில் இறப்புப் பதிவுக்கு விவரம் சொல்லி அனுப்பியதும் நாங்களே.

பயண ஏற்பாடுகளைச் செய்துவந்த முகவர் நல்ல மனிதர்தான். நாங்கள் தவிப்பதைப் பார்த்து அவர் ஒரு வழி சொன்னார். "எதுக்கு நானா இவ்வளவு அலைச்சல்? கப்பல் படிவத்துலயும் விசா படிவத்துலயும் உங்க மகன்னே போட்டுருங்க. உறவை யாரும் தோண்டிப் பார்க்க மாட்டாங்க. தாய் சம்மதக் கடிதம், இறப்புச் சான்றிதழ் எதுவும் வேண்டியதில்லை."

உள்ளதைச் சொல்வதென்றால், அன்று மாலை முழுவதும் அந்த யோசனை எங்களுக்கு இனிமையாகவே தோன்றியது. அவனை நாங்கள் மகனாகத்தானே வளர்க்கிறோம்? ஒரே தட்டில் சோறு, ஒரே பள்ளிக்கட்டணம், ஒரே பெருநாள் துணி. "அவன் நம்ம புள்ளைதானே, அப்படியே எழுதினா என்ன தப்பு?" என்று எங்கள் மகளும் கேட்டாள். எழுதுவது அன்பினால்தானே என்று மனம் சமாதானம் சொல்லிக்கொண்டது.

இரவு உணவுக்குப் பின் சிறுவன் எங்கள் அறை வாசலில் வந்து நின்றான். நாங்கள் பேசியதைக் கேட்டிருக்கிறான். "பெரியவாப்பா, கப்பல்ல போறதுக்கு எங்க வாப்பா பேரை எடுத்துடுவீங்களா? திரும்பி வந்த பிறகு மறுபடியும் போட்டுக்கலாமா?"

எங்கள் இருவருக்கும் பேச நா எழவில்லை. வாப்பாவின் முகம்கூட அவன் நினைவில் மங்கிவருகிறது. அவரிடமிருந்து அவனுக்கு மிஞ்சியிருப்பது ஒரு கைக்கடிகாரமும் அந்தப் பெயரும்தான். மூன்று இரவுக் கடற்பயணத்துக்காக அதை அவனிடமிருந்து இரவல் கேட்க நாங்கள் துணிந்துவிட்டோம்.

வளர்ப்புப் பிள்ளைகளை அவர்களுடைய தந்தையரின் பெயராலேயே அழைக்க வேண்டும் என்று அல்அஹ்ஸாப் அத்தியாயத்தின் ஐந்தாம் வசனம் பணிக்கிறது. நபி (ஸல்) அவர்கள் மகனாகவே நேசித்து வளர்த்த ஸைத் (ரலி) அவர்களும் அதன்பின் ஹாரிஸாவின் மகன் ஸைத் என்றே அழைக்கப்பட்டார்கள். அதனால் அவர்கள்மீது நபியவர்கள் வைத்திருந்த பிரியம் குறைந்துவிடவில்லை. அநாதையைப் பொறுப்பேற்று வளர்ப்பது பெரும் நன்மை; அவனுடைய வம்சத்தை அழித்து நம்முடையதை எழுதுவது நமக்குத் தரப்படாத உரிமை. இந்தப் பாடத்தை எத்தனையோ பயான்களில் கேட்டிருக்கிறோம். ஆயினும் ஒரு விசா படிவத்தின் உறவுமுறைக் கட்டத்தில்தான் அது எங்களைச் சோதிக்கும் என்று எதிர்பார்க்கவில்லை. அவனை அழைத்து அருகில் அமர்த்தி, "உங்க வாப்பா பேரோடதான் நீ கப்பல் ஏறுவே, இன்ஷா அல்லாஹ்" என்று சொல்லித் தூங்க வைத்தோம். பயண நாளை இரண்டு மாதங்கள் தள்ளிவைத்தோம். அதற்கான கட்டணத்தையும் செலுத்தினோம்.

பின்னர் நடந்தவற்றைச் சற்று விரிவாகவே எழுதுகிறோம். இதே நிலையில் உள்ள குடும்பங்களுக்கு உதவக்கூடும்.

பிறப்பு, இறப்புப் பதிவுகளில் உள்ள எழுத்துப் பிழைகளைத் திருத்த 1969ஆம் ஆண்டின் பதிவுச் சட்டமே வழி தருகிறது. பிறப்பு பதியப்பட்ட உள்ளாட்சி அலுவலகத்தில், சரியான பெயருள்ள ஆவணங்களோடு விண்ணப்பிக்க வேண்டும். தம்பியின் கடவுச்சீட்டிலுள்ள எழுத்துகளையே அடிப்படையாகக் கொண்டு, முதலில் இறப்புச் சான்றிதழையும் அடுத்து மகனின் பிறப்புச் சான்றிதழையும் திருத்தினோம். ஆறு வாரங்கள் ஆயின. மூன்று தாள்களும் ஒரே மனிதரைச் சொன்ன நாளில், தம்பியின் மனைவி அவற்றை வரிசையாக வைத்து நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார்.

பின்பு கடவுச்சீட்டு. தந்தை இல்லாத பிள்ளைக்குத் தாயே விண்ணப்பதாரரின் பெற்றோராகக் கையொப்பமிட வேண்டும். பெரியவாப்பாவின் கையொப்பம் அங்கே செல்லாது. உறுதிமொழிப் படிவத்தையும் இறப்புச் சான்றிதழையும் எடுத்துக்கொண்டு மகனோடு அவரே சேவை மையத்துக்கு வந்தார். சிறுவர்களுக்கான சாதாரணக் கட்டணம் 1,000 ரூபாய். நம் பெயர்களுக்கு முன்னால் ஒட்டிக்கொண்டிருக்கும் தலைப்பெழுத்துகளைக் கடவுச்சீட்டில் அப்படியே போட முடியாது. விரித்து எழுத வேண்டும். ஆகவே அவனுடைய பெயரோடு அவனுடைய வாப்பாவின் பெயரும் முழுமையாக அச்சேறியது.

மூன்றாவது, தாயின் சம்மதக் கடிதம். பெற்றோர் உடன் வராத சிறுவரை வேறொருவர் அழைத்துச் செல்லும்போது கப்பல் நிறுவனங்கள் இதைக் கேட்கின்றன. பிள்ளையின் பெயர், பிறந்த தேதி, கடவுச்சீட்டு எண். தாயின் பெயர், தொலைபேசி எண். அழைத்துச் செல்பவர் யார், என்ன உறவு. கப்பலின் பெயர், பயண நாள்கள், செல்லும் ஊர்கள். அவசர மருத்துவத்துக்கு முடிவெடுக்கும் அனுமதி. இவ்வளவையும் ஆங்கிலத்தில் எழுதி, நோட்டரி வழக்கறிஞர் முன்னிலையில் தாய் கையொப்பமிட்டார். உறவுக் கட்டத்தில் 'தந்தையின் அண்ணன்' என்று எழுதினோம். எழுதும்போது மனத்தில் ஒரு பாரம் இறங்கியது.

விசாவில் ஒரு நுணுக்கம் உண்டு. கப்பல் பினாங்கு சென்று திரும்புவதால் சிங்கப்பூருக்குள் நாம் இரண்டு முறை நுழைகிறோம். ஒருமுறை மட்டும் நுழையும் விசா இருந்தால் திரும்பும் நாளில் சிக்கல். பலமுறை நுழையும் விசாவைக் கைக்குழந்தைக்கும் சேர்த்துத் தனித்தனியே பெற வேண்டும். மலேசியா 2023 டிசம்பர் முதல் இந்தியர்களுக்கு விசா விலக்கு அளித்துவருகிறது. ஆயினும் பயணத்துக்கு முன் அன்றைய நிலையைச் சரிபார்த்துக்கொள்வது நல்லது. கைக்குழந்தை உள்ளவர்கள் மற்றொன்றையும் கவனிக்க வேண்டும்: ஆறு மாதம் நிறையாத குழந்தைகளைப் பெரும்பாலான கப்பல்கள் ஏற்பதில்லை.

சிங்கப்பூர் மெரினா பே கப்பல் முனையத்தில் எங்கள் முறை வந்தது. முகப்பில் இருந்தவர் தலைத்துணி அணிந்த மலாய்ப் பெண். ஐந்து கடவுச்சீட்டுகளையும் புரட்டியவர், சிறுவனுடையதில் நின்றார். அவன் எங்களுக்கு என்ன உறவு என்று கேட்டார். கோப்பைத் திறந்து சம்மதக் கடிதத்தையும் சான்றிதழ்களையும் நீட்டினோம். பொறுமையாக வாசித்தார். இறப்புச் சான்றிதழுக்கு வந்ததும் தாழ்ந்த குரலில் "இன்னாலில்லாஹி" என்றார். பிறகு அவனைப் பார்த்து, உன் தந்தையின் பெயர் என்ன என்று ஆங்கிலத்தில் கேட்டார். அவன் நிமிர்ந்து நின்று, முழுப் பெயரையும் தெளிவாகச் சொன்னான். அவர் தாளோடு ஒப்பிட்டுத் தலையசைத்து, அறை அட்டையை அவன் கையிலேயே கொடுத்தார்.

'மகன்' என்று எழுதியிருந்தால் அந்தக் கேள்விக்கு அவன் என்ன பதில் சொல்லியிருப்பான்? பொய் சொல்லும்படி அவனுக்கு நாங்கள் கற்றுக்கொடுத்து அழைத்து வந்திருக்க வேண்டும். அதை இன்று நினைத்தாலும் உள்ளம் நடுங்குகிறது.

கப்பலின் வேடிக்கைகளைப் பிள்ளைகள் இன்றும் சொல்லிக்கொண்டிருக்கிறார்கள். எங்கள் நினைவில் நிற்பது பினாங்குதான். துறைமுகத்திலிருந்து நடந்தே கப்பித்தான் கெலிங் பள்ளிவாசலுக்குச் சென்றோம். பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் நம் தமிழ் முஸ்லிம் வணிகர்கள் எழுப்பிய பள்ளி அது. எங்கள் பாட்டனார் ஜும்ஆ தொழுத இடம். லுஹரையும் அஸரையும் சேர்த்துச் சுருக்கித் தொழுதபின், மூன்று பிள்ளைகளும் துஆவுக்குக் கையேந்தினார்கள். தம்பி மகன் தன் வாப்பாவின் பெயரைச் சொல்லித் துஆ கேட்டான். பாட்டனாரின் பெயரையும் எங்களிடம் கேட்டுச் சேர்த்துக்கொண்டான்.

அன்பான பெற்றோர்களே! பயணம் இருக்கிறதோ இல்லையோ, இன்றே உங்கள் பிள்ளைகளின் சான்றிதழ்களை எடுத்துப் பாருங்கள். பிறப்பை 21 நாள்களுக்குள் பதிவு செய்யுங்கள். பெயரை ஓராண்டுக்குள் சேர்த்தால் கட்டணமில்லை. 2023 அக்டோபர் 1 முதல் பிறந்த பிள்ளைகளுக்குக் கடவுச்சீட்டு பெறப் பிறந்த தேதிக்கான ஆதாரமாகப் பிறப்புச் சான்றிதழ் ஒன்றே ஏற்கப்படுகிறது. 'முஹம்மது', 'ஃபாத்திமா', 'அப்துல்' போன்ற பெயர்களை ஆங்கிலத்தில் எப்படி எழுதுவது என்று வீட்டில் ஒருமுறை முடிவு செய்து, எல்லாத் தாள்களிலும் அதையே எழுதுங்கள். வீட்டில் வாப்பாவையோ உம்மாவையோ இழந்த பிள்ளை இருந்தால், அந்தப் பிள்ளையின் கோப்பை முதலில் சரிசெய்யுங்கள். தன் தாளைத் தானே சரிபார்க்க இயலாதவருக்காகப் பார்ப்பதும் ஓர் அமானிதம்தான்.

கொடுக்கல் வாங்கலை எழுதிவைக்கச் சொல்லும் வசனமே குர்ஆனின் மிக நீண்ட வசனம் என்பதை நாம் அறிவோம். எழுத்து என்பது சாட்சியம். பிள்ளைகளுக்காக நாம் எழுதும் ஒவ்வொரு கட்டமும் உண்மையாக இருக்க அல்லாஹ் நமக்கு அருள்புரிவானாக! எங்கள் தம்பியின் கப்ரை ஒளிமயமாக்குவானாக! ஆமீன்.

வஸ்ஸலாம்.