இடியும் இரும்பும்

கரக்பூருக்கு நாம் உத்தியோகம் கிடைத்து வந்து பதினோரு ஆண்டுகள் ஆகின்றன. வங்காளத்து வெயிலுக்கும், கடுகெண்ணெய் வாசனைக்கும், பார்சல் ஆபீசின் தூசிக்கும் பழகிவிட்ட நமக்கு இன்னும் பழகாத ஒன்று உண்டென்றால், அது சித்திரை வைகாசி மாலைகளில் வடமேற்கே திரண்டு வரும் புயல்மழைதான். இவ்வூரார் அதைக் ‘கால்பைசாகி’ என்பர். சோட்டா நாகபுரி மேட்டுநிலம் பகலெல்லாம் காய்ந்து கொதிக்க, வங்கக் கடலிலிருந்து வரும் ஈரக்காற்று அதனோடு கலந்து மேலே எழும்புகிறது. நான்கு மணிக்குத் தெளிந்திருந்த வானம் ஐந்து மணிக்கு மசி கொட்டினாற்போல் ஆகிவிடும். பிறகு இடி! நம் ஊர் இடி அதட்டும். இவ்வூர் இடி அடிக்கும்.

சென்ற சித்திரையில் ஒரு நாள் மாலை, முதல் இடி கேட்டதும் நம் இல்லத்தாள் வழக்கம்போல் எல்லாச் சுவிட்சுகளையும் அணைத்தாள். மகள் ‘அர்ச்சுனா, அர்ச்சுனா’ என்று சொல்லிக்கொண்டு கட்டிலின்மேல் ஏறி உட்கார்ந்தாள். பாட்டி கற்பித்த பாடம். இரண்டு தெரு தள்ளி நின்ற ஒரு தென்னையின்மேல் இடி விழுந்தது. நம் குவார்ட்டர்சின்மேல் ஒரு பொறியும் படவில்லை. ஆயினும் மழை ஓய்ந்தபின் பார்த்தால், தொலைக்காட்சிப் பெட்டி ஊமையாகிவிட்டது. இணையப் பெட்டி கருகி நாறியது. சுவரில் செருகியபடி இருந்த மடிக்கணினியும், இன்னும் நான்கு தவணை பாக்கியிருக்க, அவற்றின் வழியே போயிற்று. அணைத்து வைத்த பொருள் எவ்வாறு கெடும்?

சிக்னல் பிரிவில் பணிபுரியும் ஆந்திர நண்பர் ஒருவர் மறுநாள் வந்து பார்த்தார். பத்தாம் வகுப்போடு படிப்பை நிறுத்திய நமக்கும் விளங்கும்படி அவர் சொன்னது இது: வீட்டுச் சுவிட்சு, வரும் கம்பி இரண்டில் ஒன்றைத்தான் துண்டிக்கிறது, மற்றது தொடர்ந்தே இருக்கிறது. துண்டித்த இடத்திலும் இடைவெளி சில மில்லிமீட்டர்தான். மேகத்திலிருந்து கிலோமீட்டர்க் கணக்கில் காற்றைப் பிளந்து வந்த மின்னலுக்கு அது ஒரு தாண்டலா? மின்னல் நம் வீட்டின்மேலேயே விழவேண்டும் என்பதுமில்லை. அண்மையில் எங்கேனும் விழுந்தாலே மின்கம்பியிலும் டிஷ் கம்பியிலும் திடீரென்று பேரழுத்தம் பாய்ந்துவிடும். ஆகவே, வானம் கறுக்கும்போதே பிளக்கைப் பிடுங்கி வைத்துவிட வேண்டும். டிஷ் கம்பியையும் கழற்றிவிட வேண்டும். இடி தலைக்குமேல் வந்துவிட்ட பிறகோ அதில் கைவைக்கலாகாது. கண்ணாடி இழையில் இணையம் வரும் வீட்டாரும் தப்பினோம் என்று எண்ணவேண்டாம். இழை மின்சாரத்தைக் கடத்தாது என்பது மெய். ஆனால் பெட்டிக்கு மின்சாரம் ஊட்டும் அடாப்டர் சுவரில்தானே தொங்குகிறது?

‘ஸ்பைக் பஸ்டர்’ என்று கடையில் விற்கும் பலகை நம்மிடமும் இருந்தது. அதனுள் இருக்கும் சிறு வில்லை, மிஞ்சிய அழுத்தத்தை எர்த் கம்பியில் இறக்கிவிட்டுத் தேவையானால் தானும் மாண்டு பொருளைக் காக்கும். நண்பர் சுவர்ச் சாக்கெட்டைக் கழற்றிக் காட்டினார். மூன்றாம் துளைக்குப் பின்னால் கம்பியே இல்லை! பதினோரு ஆண்டுகள் மூன்று முளைப் பிளக்கைச் செருகிவிட்டு நிம்மதியாக உறங்கியிருக்கிறோம். யாருடைய குற்றமென்று எழுதிப் பயனில்லை. அன்பர்கள் தத்தம் வீட்டுச் சாக்கெட்டுகளை எலக்ட்ரீஷியனைக் கொண்டு ஒருமுறை பார்த்துக்கொள்ள வேண்டும் என்பதற்காகவே சொல்கிறோம்.

தேநீர் பருகுகையில் நாம் கேட்டோம்: “வீட்டில் இரும்புப் பீரோ, இரும்புக் கட்டில் எல்லாம் இருக்கின்றனவே, அவைதாம் இடியை இழுத்தனவோ?”

அவர் சிரித்தார். மேகத்துக்குள் பனித்துகளும் மென்மையான ஆலங்கட்டியும் மோதி மோதி மின்னூட்டம் பிரிகிறதாம். அது ஐம்பது மீட்டர், ஐம்பது மீட்டராகப் படியிறங்கி வருகிறது. நிலத்தை நெருங்கியதும், உயர்ந்து நிற்கும் பொருள்களின் நுனிகளிலிருந்து மெல்லிய மின்னிழைகள் மேலே எழும்புகின்றன. எந்த இழை முதலில் கைகோத்ததோ அதுவே பாதை. அதன் வழியே முப்பதாயிரம் ஆம்பியர் அளவுக்கு மின்சாரம் பாய்ந்து, காற்று சூரியனின் மேற்பரப்பைப் போல் ஐந்து மடங்கு சூடாகி வெடிக்கிறது. அந்த வெடிப்பே இடியோசை. “உயரமும், தனித்து நிற்பதும், கூர்மையும் அதை அழைக்கும். இரும்பு அழைக்காது. வந்ததைச் சுமந்து செல்லும், அவ்வளவே” என்றார். உலோகக் கூண்டுக்குள் இருப்பவனை மின்சாரம் தீண்டாது என்று 1836-இல் மைக்கேல் ஃபாரடே என்னும் ஆங்கில விஞ்ஞானி காட்டிவிட்டாராம். நாம் ஏறிச் செல்லும் ரயில் பெட்டி அத்தகைய கூண்டுதான். கோபுரக் கலசமே இடிதாங்கி என்று நம்மவர் பெருமை பேசுவதுண்டு. கலசத்திலிருந்து நிலத்துக்குள் கம்பி இறங்கவில்லையாயின் அது இடியைத் தாங்காது, அழைக்கவே செய்யும் என்று அவர் சொன்னதையும் மறைப்பதற்கில்லை.

இரும்பு இழுக்காது என்ற சொல்லைக் கேட்டதும் நம் கையிலிருந்த தேநீர் ஆறிப்போயிற்று.

1998-ஆம் ஆண்டு, புதுக்கோட்டைச் சீமையில் உள்ள நம் கிராமத்தில், கோடைமழைக்கு முந்திய ஒரு பிற்பகல். நமக்கு வயது ஒன்பது; அத்தை மகனுக்குப் பதின்மூன்று. ஆட்டுக்குக் குழை வெட்டிவர அத்தைதான் அவன் கையில் அரிவாளைக் கொடுத்து அனுப்பினாள். மழை பிடித்ததும் அவன் பொட்டலில் தனித்து நின்ற பனையின் அடியில் ஒதுங்கினான். இடி பனையில் இறங்கிற்று. ‘கையில் இரும்பு இருந்ததே, இடி தேடி வந்துவிட்டது’ என்று ஊர் முழுவதும் பேசிற்று. அத்தை காதுபடவும் பேசிற்று. அன்றுமுதல் அவள் அரிவாளைத் தொட்டதில்லை. அறுப்புக்குப் போனால் கட்டுக் கட்டுவாளேயன்றி அறுக்கமாட்டாள். கூலி குறைத்துக் கொடுத்தாலும் வாங்கிக்கொள்வாள். நாமும் அந்தப் பேச்சை நம்பியே வளர்ந்தோம்.

அன்று அவன் கையில் அரிவாளுக்குப் பதில் பூவே இருந்திருந்தாலும் முடிவு அதுவேதான். பனை அந்தப் பொட்டலில் எல்லாவற்றினும் உயர்ந்து நின்றது. மரத்தில் இறங்கும் மின்னல், மரத்தைவிட எளிதாகக் கடத்தும் மனித உடலைக் கண்டால் பக்கவாட்டில் தாவிவிடும். அடிமரத்தைச் சுற்றிய மண்ணிலும் பரவும். இக்காலத்தில் ஒடிசா அரசு, வயல்வெளிகளில் இடியை வாங்கிக்கொள்ளட்டும் என்றே பனை நட முற்பட்டிருக்கிறது. இடியை வாங்கிக்கொள்ளும் மரத்தின் அடியில் மனிதன் நிற்கலாமா? மின்னலுக்கும் இடியோசைக்கும் இடையே நொடிகளை எண்ணி மூன்றால் வகுத்தால் கிலோமீட்டர் வரும். முப்பதுக்குள் அடங்கிவிட்டால் உடனே வீட்டுக்குள் போகவேண்டும், கடைசி இடி கேட்டு அரைமணி ஆகும்வரை வெளியே வரலாகாது. புனேயிலுள்ள வெப்பமண்டல வானிலை ஆய்வு நிறுவனம் ‘தாமினி’ என்றொரு செயலியும் செய்திருக்கிறது. அருகே மின்னல் வந்தால் கைப்பேசியில் எச்சரிக்கும். இந்நாட்டில் ஆண்டுதோறும் இரண்டாயிரத்துக்கு மேற்பட்டோர் இடியால் மடிகின்றனர். பெரும்பாலோர் வயலிலும் மரத்தடியிலும் நின்ற ஏழை எளியவர்.

அன்றிரவே அத்தையை டெலிபோனில் அழைத்தோம். இரும்பு இழுக்காது, பனையின் உயரந்தான் இழுத்தது என்று மூன்று முறை சொன்னோம். வெகுநேரம் ஓசையில்லை.

“அப்ப நான் கொடுத்த அருவா இல்லையா, ராசா?”

“இல்லை, அத்தை.”

“படிச்சவுகதான் சொன்னாகளா?”

“ஆமாம். இதிலேயே வேலை பார்க்கிறவர்.”

பிறகு அவள் ஒன்று கேட்டாள்: “அவனுக்கு உடனே உயிர் போயிருக்குமா?” போயிருக்கும், ஒன்றும் தெரிந்திராது என்றோம்.

நண்பர் சொன்னது வேறு. இடிபட்டவன் உடம்பில் மின்சாரம் தங்குவதில்லை. தொடுவோருக்கு ஆபத்தில்லை. நின்ற இருதயத்தை, மார்பின் நடுவில் இரு கைகளாலும் அழுத்தி, மூச்சையும் ஊதி, மருத்துவர் வரும்வரை விடாமல் செய்தால் பிழைத்தவர் உண்டு. அன்று பொட்டலில் பத்துப் பதினைந்து பேர் கூடி நின்றோம். ‘தொடாதே, ஷாக் அடிக்கும்’ என்று யாரோ கத்தினார்கள். ஓடப்பார்த்த அத்தையையும் இரண்டு பேர் பிடித்துக்கொண்டார்கள். மழை விடும்வரை அவனை ஒருவரும் தொடவில்லை.

அத்தைக்கு எழுத்து வாசிக்க வராது. ஆகவே இதை இங்கே எழுதுகிறோம்.